முக்கொம்புக்குக் கீழே எது காவிரி? வரைபடத்தில் எந்தக் கோட்டைத் தடிமனாகப் போடுவது?

புள்ளம்பாடி:
எங்கள் ஊர் நூலகச் சுவருக்காக ஒரு காவிரி வரைபடம் போட்டுக்கொண்டிருக்கிறேன். தலைக்காவிரியிலிருந்து முக்கொம்பு வரை சிக்கல் இல்லை. கர்நாடகத்தில் ஹேமாவதி, கபினி, சிம்ஷா, அர்க்காவதி வந்து சேர்கின்றன. மேட்டூருக்குக் கீழே பவானி, நொய்யல், அமராவதி. ஒவ்வொன்று சேரும்போதும் கோட்டைக் கொஞ்சம் தடிப்பாக்கிக்கொண்டே வந்தேன். மாயனூர் தாண்டினால் அகண்ட காவிரி, அங்கே கோடு நல்ல தடிமன். முக்கொம்பில் ஆறு இரண்டாகப் பிரிகிறது. இனி தடித்த கோடு எந்தப் பக்கம் போக வேண்டும்?

பள்ளிக்கூட அட்லஸ் எல்லாவற்றிலும் ஸ்ரீரங்கத்துக்குத் தெற்கே போகும் கை காவிரி, வடக்கே போவது கொள்ளிடம் என்ற கிளை. நான் அதை மாற்றிப் போடப் போகிறேன். வெள்ளம் வந்தால் பெரும்பகுதி எதில் போகிறதோ அதுதானே தாய் ஆறு? பூம்புகாரில் போய்ப் பாருங்கள். மணல் திட்டு பாதி மூடிய ஒரு சின்ன வாய். பழையாறு பக்கம் கொள்ளிடம் கடலில் சேரும் இடத்தைப் பாருங்கள். எது 800 கி.மீ. ஓடி வந்த ஆற்றின் முகத்துவாரம் மாதிரி இருக்கிறது?

கூறைநாடு:
நூலகச் சுவரில் தப்பாக மாட்டிவிடாதீர்கள். தண்ணீர் எவ்வளவு போகிறது என்று கேட்கிறீர்கள், எத்தனை நாள் போகிறது என்று கேட்கவில்லை. மேட்டூர் நிரம்பி வழியாத ஆண்டில் கொள்ளிடம் மாதக்கணக்கில் வெறும் மணல். அதே ஆண்டில் தெற்குக் கையில் குறுவைக்கும் சம்பாவுக்கும் தண்ணீர் வந்துகொண்டிருக்கும். ஜூன் 12 அன்று மேட்டூரைத் திறந்தால் தண்ணீர் எந்தப் பக்கம் திரும்பும் என்று டெல்டாவில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். உபரி போகிற பாதையை ஆறு என்றும், ஆற்றை வாய்க்கால் என்றும் எழுதினால் எப்படி?

இன்னொன்று, டெல்டாவின் வடிவத்தைப் பாருங்கள். கல்லணையிலிருந்து விசிறி மாதிரி விரிந்து கோடியக்கரை வரை போகிறது. இந்த வண்டலில் பெரும்பகுதி கொள்ளிடத்துக்குத் தெற்கே கிடக்கிறது. அதைக் கொண்டுவந்து கொட்டியது யார்?

புள்ளம்பாடி:
மதகைத் திறந்து மூடி அனுப்புகிற தண்ணீரைக் கணக்கில் எடுத்தால் கல்லணைக் கால்வாயையும் ஆறு என்று சொல்ல வேண்டியிருக்கும். அது மேட்டூர் திட்டத்தோடு சேர்த்து வெட்டியது. மனிதன் கை வைக்காவிட்டால் தண்ணீர் எங்கே போகும் என்பதுதான் என் கேள்வி.

வண்டலைப் பற்றிச் சொன்னது சரி, ஆனால் அது பழைய கதை. டெல்டாவில் ஆறு ஒரே தடத்தில் இருப்பதில்லை. தன் வண்டலாலேயே தன் படுகையை உயர்த்திக்கொண்டு, பக்கத்தில் பள்ளமான வழி கிடைத்தால் அதில் இறங்கிவிடும். தெற்கே உள்ள கிளைகளுக்கெல்லாம் ஒரு காலம் இருந்தது. இப்போது கொள்ளிடத்தின் காலம்.

ஓய்வுபெற்ற ஓவர்சியர்:
இரண்டு தம்பிகளும் பாதிப் பாதி சொல்கிறீர்கள். மீதியை நான் சொல்கிறேன்.

முக்கொம்பில் கொள்ளிடத்தின் படுகை தாழ்வு, சரிவும் அதிகம். கடலுக்குப் போகிற வழியும் நேர். அதனால் தண்ணீருக்கு இயல்பாகவே அந்தப் பக்கம் இழுப்பு உண்டு. 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தெற்குக் கையின் தலைப்பு மண் மேடிட்டு, வருகிற தண்ணீரெல்லாம் வடக்கே போய்க்கொண்டிருந்தது. தஞ்சாவூர்ப் பாசனமே ஆட்டம் கண்ட நேரம் அது. 1804இல் கால்டுவெல் என்ற ராணுவப் பொறியாளர் ஆய்வு செய்து, கல்லணையை உயர்த்தச் சொன்னார். அது போதவில்லை. 1836இல் ஆர்தர் காட்டன் கொள்ளிடத்தின் தலைப்பிலேயே மேலணையைக் கட்டினார். அதற்குப் பிறகுதான் தெற்குக் கைக்கு உயிர் வந்தது.

இதற்குப் பிறகு நடந்தது அதைவிட வேடிக்கை. மேலணை தேவைக்கு மேல் நன்றாக வேலை செய்து, தெற்குக் கை அளவுக்கு அதிகமாக இழுக்க ஆரம்பித்துவிட்டது. 1840களில் அதன் தலைப்பிலும் குறுக்கே ஒரு தளச்சுவர் கட்டிப் படுகையை நிலைப்படுத்த வேண்டி வந்தது. ஆக, முக்கொம்பில் இயற்கையாக எது பெரிய கை என்று இன்றைக்கு ஆற்றைப் பார்த்துச் சொல்லவே முடியாது. ஏறக்குறைய 190 வருடமாக இரண்டு பக்கமும் கட்டுமானம்தான் பங்கு போடுகிறது.

புள்ளம்பாடி:
ஐயா சொன்னது என் கட்சிக்குத்தான் பலம். அணை கட்டாமல் விட்டிருந்தால் தெற்குக் கை தூர்ந்தே போயிருக்கும் என்கிறீர்கள். தூர்ந்து போகிற கை தாய் ஆறா? கல்லணையையும் யோசியுங்கள். முக்கொம்பில் பிரிந்த இரண்டும் ஸ்ரீரங்கத் தீவைச் சுற்றிக்கொண்டு ஏறக்குறைய 30 கி.மீ. கீழே மறுபடி நெருங்கி வருகின்றன. அந்த இடத்தில் இரண்டையும் இணைக்கும் உள்ளாறு வழியாகக் காவிரித் தண்ணீர் கொள்ளிடத்தில் சரிந்துவிடாமல் தடுக்கத்தான் கரிகாலன் கல்லைப் போட்டான். சோழர் காலத்திலேயே தண்ணீர் வடக்கே இறங்கத்தான் பார்த்திருக்கிறது.

கூறைநாடு:
சரி, கரிகாலன் ஏன் அதைத் தடுத்தான்? தெற்கே ஓடியது அவனுக்கு ஆறு, அதனால். அவன் துறைமுகம் இருந்த புகார் எந்தக் கையின் முடிவில் இருந்தது? பட்டினப்பாலை காவிரியைக் கடலில் கொண்டுசேர்ப்பது அங்கேதான். அன்றைக்குக் கப்பல் வந்து நின்ற முகத்துவாரத்தை இன்றைக்கு மணல் மூடியிருக்கிறது என்பதற்காக முகவரியை மாற்ற முடியாது.

கொடுமுடிக்காரன்:
டெல்டாக்காரர்கள் சண்டை போடும்போது எங்களை மறந்துவிடுவது வழக்கம். தாய் ஆறு எது என்று கேட்கிறவர் முதலில் மேலே வந்து பாருங்கள். மேட்டூர் அணை 1934இல் வந்தது. அங்கிருந்து முக்கொம்பு சுமார் 177 கி.மீ. நடுவில் பவானி கூடுதுறையில் ஒன்று, எங்கள் ஊர்ப் பக்கம் நொய்யல், கரூர் தாண்டித் திருமுக்கூடலூரில் அமராவதி. பவானிசாகர் நிரம்பி, அமராவதியிலும் வெள்ளம் வந்தால் மேட்டூரில் சொட்டுத் தண்ணீர் விடாமலே முக்கொம்புக்கு வெள்ளம் போகும்.

பவானியின் போக்கே தனி. நீலகிரியில் பிறந்து, கேரளத்துக்குள் இறங்கி, அட்டப்பாடியில் சிறுவாணியைச் சேர்த்துக்கொண்டு மறுபடி தமிழ்நாட்டுக்குள் கிழக்கே திரும்பி வருகிறது. பவானிசாகரில் மோயாறு சேர்கிறது. மேற்குத் தொடர்ச்சி மலையின் தென்மேற்குப் பருவமழையில் இதற்கும் பங்கு உண்டு. மேலே கபினியும் அப்படித்தான். வயநாட்டு மழையில் பெரும்பாலான ஆண்டுகளில் கபினி அணைதான் முதலில் நிரம்புகிறது, மேட்டூருக்கு வருகிற முதல் உபரியும் அதனுடையது. ஆனால் நாம் மூலம் என்று கும்பிடுவது தலைக்காவிரியை. தண்ணீர் அளவை வைத்துத்தான் பெயர் என்றால் கபினி காவிரியில் சேரும் திருமகூடலு நரசிபுரத்திலேயே பஞ்சாயத்து தொடங்கியிருக்க வேண்டும். மேலே பெயரை ஏற்றுக்கொள்கிற புள்ளம்பாடிக்காரர் கீழே மட்டும் கனஅடி கேட்பது என்ன நியாயம்?

புள்ளம்பாடி:
நல்ல அடி. ஆனால் துணையாறு சேர்வதும் கிளை பிரிவதும் ஒன்றல்ல. சேரும் இடத்தில் எந்தப் பெயர் தொடர்ந்தாலும் தண்ணீர் ஒன்றாகிவிடுகிறது. பிரியும் இடத்தில் தண்ணீரே இரண்டாகிறது, அங்கே அளவு பேசத்தான் வேண்டும். துணையாறு பேச்சை எடுத்துவிட்டீர்கள் என்பதால் இதையும் வைக்கிறேன்: முக்கொம்புக்குக் கீழேயும் கொள்ளிடத்தில் துணையாறு சேர்கிறது. பெரம்பலூர், அரியலூர் பக்கத்துத் தண்ணீரைக் கொண்டுவரும் மருதையாறு கொள்ளிடத்தில்தான் விழுகிறது. தாய் ஆற்றுக்குத் துணை வரும். கிளைக்கு வருமா?

உறையூர்:
வரும். திருச்சியில் இருக்கிற எங்களைக் கேளுங்கள். தெற்கேயிருந்து வரும் கோரையாறு நகரத்தை ஒட்டி வந்து குடமுருட்டி என்ற பெயரில் உங்கள் "கிளை"யான தெற்குக் கையில்தான் சேர்கிறது. கோரையாறு பெருகினால் நகரத்தின் மேற்குப் பக்கம் என்ன பாடுபடும் என்று இங்கே எல்லோருக்கும் தெரியும். எனவே அந்த வாதம் செல்லாது.

வரைபடக்காரருக்கு ஒரு எச்சரிக்கை: இந்தக் குடமுருட்டி வேறு, திருவையாற்றுப் பக்கம் காவிரியிலிருந்து பிரியும் குடமுருட்டி வேறு. கோரையாறும் அப்படித்தான், எங்கள் ஊரில் ஒன்று, திருவாரூர் மாவட்டத்தில் ஒன்று. வடவாறும் தஞ்சாவூரில் ஒன்று, கொள்ளிடத்தின் கீழணையில் ஒன்று. பெயரை மட்டும் நம்பி இழுத்தால் கோடு எங்கேயோ போய் நிற்கும்.

மட்டுறுத்துநர்:
பில்லிகுண்டுலுவில் கர்நாடகம் தர வேண்டிய 177.25 டி.எம்.சி. பற்றிய மூன்று பதிவுகளை நீக்கியிருக்கிறேன். பங்கீட்டுச் சண்டைக்குத் தனி இழை இருக்கிறது. இங்கே முக்கொம்புக்குக் கீழே மட்டும் பேசுங்கள்.

ஓய்வுபெற்ற ஓவர்சியர்:
ஏன் ஒன்றுக்குப் பாசனம், இன்னொன்றுக்கு வெள்ளம் என்று அமைந்தது என்பதை யாரும் தொடவில்லை. தெற்குக் கையும் அதன் கிளைகளும் மேட்டில் ஓடுகின்றன. கரைக்கு வெளியே வயல் தாழ்வு. மதகைத் தூக்கினால் தண்ணீர் தானாக இரண்டு பக்கமும் இறங்கும். ஆறு உயர்ந்து கிடப்பதால்தான் அது பாசன ஆறு, அதே காரணத்தால்தான் அது மேடிடும் ஆறு. கொள்ளிடம் தாழ்ந்து கிடக்கிறது. அதிலிருந்து பக்கத்து வயலுக்குத் தண்ணீர் ஏற்ற வேண்டுமானால் குறுக்கே அணை கட்டி மட்டத்தை உயர்த்தியாக வேண்டும். காட்டன் அணைக்கரையில் கட்டிய கீழணை அதற்குத்தான். அங்கிருந்து வடவாறு வீராணத்துக்குப் போகிறது, வடக்கு ராஜன், தெற்கு ராஜன் வாய்க்கால்களும் பிரிகின்றன. 2004இலிருந்து சென்னை குடிக்கிற வீராணம் தண்ணீரும் இந்த வழிதான். எனவே கொள்ளிடத்தை வெறும் வடிகால் என்று கூறைநாட்டுத் தம்பி தள்ளிவிட வேண்டாம்.

வெள்ளக் காலத்தில் நிலைமை தலைகீழ். 2018 ஆகஸ்டில் மேட்டூர் வெளியேற்றம் 2 லட்சம் கனஅடியைத் தொட்டது. அதைத் தெற்குக் கையில் விட்டால் கும்பகோணம் வரை கரை நிற்காது. கொள்ளிடம்தான் வாங்கிக்கொண்டது, வாங்கிக்கொண்டு விலையும் கொடுத்தது. திருச்சியில் பழைய கொள்ளிடம் பாலத்தின் தூண்கள் சாய்ந்தன. ஆகஸ்ட் 22 அன்று முக்கொம்பு மேலணையில் 9 மதகுகள் அடித்துக்கொண்டு போயின. என் வேலைக்காலத்தில் அந்த ஷட்டர்களுக்கு மேல் நடந்திருக்கிறேன். செய்தியைக் கேட்டபோது ஆச்சரியப்படவில்லை என்றுதான் சொல்ல வேண்டும். மணலை அள்ளி அள்ளிப் படுகை இறங்கினால் அடித்தளம் எதைப் பிடித்துக்கொண்டு நிற்கும்?

கூறைநாடு:
இப்போது ஐயா சொன்னதையே எடுத்துக்கொள்கிறேன். கொள்ளிடம் தாழ்வதற்கு மணல் அள்ளியதும் ஒரு காரணம் என்றால், "இயற்கையின் விருப்பம்" என்று புள்ளம்பாடிக்காரர் சொல்வதில் லாரிக்கும் பங்கு இருக்கிறது. கடலோரத்தில் கொள்ளிடத்துக்குள் உப்புத் தண்ணீர் எவ்வளவு தூரம் ஏறுகிறது என்று மீனவர்களைக் கேளுங்கள். அகலமான முகத்துவாரம் என்று பெருமைப்பட்டீர்களே, வருடத்தில் பல மாதம் அதில் நிற்பது கடல்தான்.

புள்ளம்பாடி:
உப்பு ஏறுவது மேலேயிருந்து தண்ணீர் வராததால். வராதது மதகை மூடியதால். சுற்றி அங்கேதான் வருகிறோம்.

நிரவி:
காரைக்கால்காரன் ஒரு வார்த்தை. பூம்புகாரா பழையாறா என்று இரண்டே முனையை வைத்துப் பேசுகிறீர்கள். எங்களுக்கு வருவது அரசலாறு. கடலில் கலக்கும் இடம் காரைக்கால். கல்லணையில் வெண்ணாறு பிரிகிறது, அதிலிருந்து தென்பெரம்பூரில் வெட்டாறு பிரிந்து நாகூரில் கடலைத் தொடுகிறது. தெற்கே பாமணியாறும் கோரையாறும் முத்துப்பேட்டைக் காயல் பக்கம் முடிகின்றன. டெல்டாவில் ஆறு கடலுக்குப் போவது ஒரு தெரு வழியாக இல்லை, ஊரே சேர்ந்து போகிறது. இதில் ஒன்றை மட்டும் தடிமனாகப் போடு என்றால் யார் ஒப்புக்கொள்வார்கள்?

கொடுமுடிக்காரன்:
நிரவிக்காரர் சொல்வது சரி. ஒரே தடிமன் வைத்துவிடுங்கள்.

புள்ளம்பாடி:
எல்லாம் ஒரே தடிமன் என்றால் வரைபடம் எதற்கு? மேலணையில் வெள்ளக் காலத்தில் எவ்வளவு திறக்கிறார்கள், கல்லணையில் காவிரி, வெண்ணாறு, கால்வாய் தலைப்புகளில் பாசனத்துக்கு எவ்வளவு திறக்கிறார்கள் என்பது தினமும் செய்தியில் வருகிறது. அந்த அளவுக்கு ஏற்பத் தடிமன் போடலாம். ஆனால் ஜூலைக்கு ஒரு படம், வெள்ளத்துக்கு ஒரு படம் என்று இரண்டு வேண்டும்.

கூறைநாடு:
இரண்டு படம் எனக்குச் சம்மதம். ஆனால் பாசனப் படத்தை மேலே மாட்டுங்கள். அதில் தெற்குக் கையை மேலையூர் கடையணை தாண்டிக் கடல் வரை இழுத்து, பக்கத்தில் "காவிரி" என்று எழுத வேண்டும். வெள்ளப் படத்தில் கொள்ளிடத்துக்கு நீங்கள் என்ன பெயர் வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளுங்கள்.

புள்ளம்பாடி:
எது மேலே என்பதை நூலகர் முடிவு செய்வார், அவர் லால்குடிக்காரர். வெள்ளப் படத்தில் "காவிரி (கொள்ளிடம்)" என்றுதான் எழுதுவேன்.

கூறைநாடு:
எழுதுங்கள். ஒரு பேனா எடுத்துக்கொண்டு நானே நேரில் வருகிறேன்.

நிரவி:
வருகிறவர் வெட்டாற்றையும் பார்த்துவிட்டு வாருங்கள். புள்ளம்பாடிக்காரர் முன்பு இங்கே போட்ட வரைவில் அது திருவாரூரோடு நின்றுவிட்டது. நாகூர் வரைக்கும் இழுக்க வேண்டும்.

ஓய்வுபெற்ற ஓவர்சியர்:
கீழணைக்குக் கீழே வடக்கு ராஜன் எந்தக் கரை, தெற்கு ராஜன் எந்தக் கரை என்பதும் வரைவில் மாறிக் கிடக்கிறது. தென்கரையில் பிரிவது தெற்கு ராஜன். அச்சுக்குக் கொடுக்கும் முன் படத்தை எனக்கு ஒருமுறை அனுப்புங்கள் தம்பி.