64 நொடி முன்னிலைக்கு ஒரு கோப்பையா?

மூன்றுபுள்ளி:

2025 ஜூனில் என்பிஏ (அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்து) இறுதித்தொடர் முடிந்ததிலிருந்து ஒரு விஷயம் மனத்தை அரித்துக்கொண்டே இருக்கிறது. தொடரின் முதல் ஆட்டத்தில் இந்தியானா முன்னிலையில் இருந்தது மொத்தமே 0.3 நொடி. அந்த அணியின் ஹாலிபர்ட்டன் கடைசியில் எறிந்த பந்து வளையத்துக்குள் விழுந்தது, 111-110, ஆட்டம் முடிந்தது. அன்றே கணக்கை மூடியிருந்தால் இந்தியானாதான் சாம்பியன். ஏழு ஆட்டத் தொடர் என்பதால் ஓக்லஹோமா சிட்டி மூச்சு வாங்கிக்கொண்டு 4-3 என்று வென்றது.

அமெரிக்கக் கல்லூரிக் கூடைப்பந்துப் போட்டியில் ஆடும் பிள்ளைகளுக்கு அப்படி மூச்சு வாங்க இடமே இல்லை, ஒரே ஆட்டம், தோற்றால் வெளியே. 2025 ஏப்ரல் 7, சான் அன்டோனியோ. புளோரிடாவும் ஹூஸ்டனும் மோதிய இறுதி ஆட்டம். நமக்குச் செவ்வாய்க்கிழமை காலை 6.20. அலுவலகத்தில் அரை நாள் விடுப்பு சொல்லிவிட்டுப் பார்த்தேன். இரண்டாம் பாதியில் ஹூஸ்டன் 12 புள்ளி முன்னே இருந்தது. நாற்பது நிமிட ஆட்டத்தில் புளோரிடா முன்னிலையில் இருந்த நேரத்தையெல்லாம் கூட்டினால் 64 நொடிதான் வருகிறது. முடிவு 65-63. கோப்பை புளோரிடாவுக்கு.

68 அணிகளில் தொடங்கி நான்கில் வந்து நிற்கும்வரை நாக்-அவுட் இருக்கட்டும், நான் கேட்கவில்லை. அரையிறுதியையும் இறுதியையும் மட்டும் மூன்று ஆட்டத் தொடராக்க வேண்டும். ஒரு நொடி தடுமாறியதற்காக ஓராண்டு உழைப்பு போவது அநியாயம். 2023 உலகக் கோப்பையில் வரிசையாகப் பத்து ஆட்டம் வென்ற இந்தியா, அகமதாபாத்தில் ஒரே நாளில் கோப்பையை விட்டதைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

பழைய கார்டு:

தம்பி, கிரிக்கெட்டை நீங்கள்தான் இழுத்தீர்கள், பிறகு என்னைக் குறை சொல்லாதீர்கள். 1983 ஜூன் 25, லார்ட்ஸ். நாம் 183-க்குச் சுருண்டோம், மேற்கிந்தியத் தீவுகள் 140-க்குச் சுருண்டது. அதே ஆண்டு இறுதியில் அதே மேற்கிந்திய அணி இந்தியாவுக்கு வந்து ஒருநாள் தொடரை 5-0 என்று வாரிக்கொண்டு போனது. உங்கள் "மூன்று ஆட்டத் தொடர்" அன்றைக்கு இருந்திருந்தால் கபில்தேவ் கையில் கோப்பை ஏது? அகமதாபாத்துக்கு அழுகிறவர்கள் லார்ட்ஸையும் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும்.

கல்லூரிக் கூடைப்பந்தின் லார்ட்ஸும் அதே 1983-தான். ஏப்ரல் 4, அல்புகர்க்கி. அன்றும் தோற்றது இதே ஹூஸ்டன். ஒலாஜுவான், டிரெக்ஸ்லர் என்று பின்னாளில் உலகமே கொண்டாடிய இரண்டு பேர் ஒரே அணியில். எதிரே வட கரோலினா ஸ்டேட், அந்தப் பருவத்தில் பத்து ஆட்டம் தோற்ற அணி. ஆட்டம் 52-52. அந்த அணியின் விட்டன்பர்க் வெகு தூரத்திலிருந்து எறிந்தது வளையத்தைத் தொடக்கூட இல்லை. கீழே நின்ற லொரன்சோ சார்ல்ஸ் அதைக் காற்றிலேயே பிடித்து அப்படியே உள்ளே திணித்தார். 54-52. பயிற்சியாளர் ஜிம் வல்வானோ கட்டிப்பிடிக்க ஆள் தேடி மைதானத்தில் ஓடிய ஓட்டத்தை, இந்தப் போட்டி நடக்கும் ஒவ்வொரு மார்ச்சிலும் இன்றும் காட்டுகிறார்கள். மூன்று ஆட்டம் வைத்திருந்தால் ஹூஸ்டன் 2-1 என்று வென்றிருக்கும், நியாயம் நிலைநாட்டப்பட்டிருக்கும், நாற்பத்திரண்டு ஆண்டு கழித்து ஒருவரும் அதைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்க மாட்டார்கள்.

வேலூர்க்காரன்:

நான் இந்த ஆட்டத்துக்குப் புதியவன். புளோரிடா-ஹூஸ்டன் இறுதி ஆட்டத்தின் கடைசி நொடிகளின் வீடியோவைப் பத்து முறை பார்த்தும் ஒன்று புரியவில்லை. ஹூஸ்டன் ஆட்டக்காரர் பந்தைக் கீழே போட்டுவிட்டு எடுக்காமல் நிற்கிறாரே, ஏன்? கைக்கு எட்டும் தூரத்தில்தானே துள்ளிக்கொண்டிருக்கிறது?

மூன்றுபுள்ளி:

நல்ல கேள்வி. என் வயிற்றெரிச்சலே அந்த இடத்தில்தான்.

46 நொடி மிச்சமிருந்தபோது அலிஜா மார்ட்டினின் இரண்டு ஃப்ரீ த்ரோவில் (எதிரணி செய்த தவறுக்காகக் கிடைக்கும் தடையில்லா எறிதல்) புளோரிடா 64-63 என்று முன்னே போனது. பிறகு இன்னொரு ஃப்ரீ த்ரோ, 65-63. 19 நொடி சொச்சம் இருக்கிறது, பந்து ஹூஸ்டன் கையில். எமானுவேல் ஷார்ப்புக்கு மூன்று புள்ளிக் கோட்டுக்கு வெளியே பந்து வருகிறது. எறிவதற்காக எழும்புகிறார். அதற்குள் வால்டர் கிளேட்டன் பாய்ந்து வந்து முகத்துக்கு நேரே கையை நீட்டிவிடுகிறார். எறிந்தால் தடுக்கப்படும். பந்தோடு தரையிறங்கினால் டிராவலிங், அதாவது பந்தைத் தட்டாமல் நகர்ந்த தவறு, பந்து எதிரணிக்குப் போய்விடும். எனவே காற்றிலேயே பந்தைக் கைவிடுகிறார். விட்ட பந்தை அவரே முதலில் தொட்டாலும் டிராவலிங்தான். தன் அணியிலிருந்து வேறு யாராவது வந்து எடுக்க வேண்டும். பந்து ஒரு முறை துள்ளுகிறது, இரண்டு முறை துள்ளுகிறது, அவர் அதன் மேல் குனிந்து நிற்கிறார், தொட முடியவில்லை. புளோரிடாவின் அலெக்ஸ் காண்டன் தரையில் விழுந்து பந்தை அணைத்துக்கொள்கிறார். மணி அடித்துவிடுகிறது.

அந்தச் சூழ்நிலையில் ஒரு ஷாட் கூட எடுக்க முடியாமல் போனது தனக்கு விளங்கவே இல்லை என்று ஹூஸ்டன் பயிற்சியாளர் கெல்வின் சாம்ப்சனே சொன்னார். அந்த ஷார்ப் என்ற பிள்ளைக்கு இன்னோர் ஆட்டம் கொடுக்கக் கூடாதா?

எண்கணக்கு:

இரண்டு பேரும் கூரை ஒழுகுவதைப் பற்றிச் சண்டை போடுகிறீர்கள், அஸ்திவாரம் போய்விட்டது. சான் அன்டோனியோவுக்கு வந்த நான்கு அணிகளும் (புளோரிடா, ஹூஸ்டன், டியூக், ஆபர்ன்) தத்தம் பிரிவில் முதல் தரவரிசை பெற்றவை. 2008-க்குப் பிறகு இப்படி நடந்தது இதுதான். கடைசிப் பதினாறு அணிகளும் நான்கே நான்கு பெரிய கூட்டமைப்புகளைச் சேர்ந்தவை. தென்கிழக்குக் கூட்டமைப்பான எஸ்இசி ஒன்றிலிருந்து மட்டும் ஏழு. சின்னக் கல்லூரி ஒன்றுகூட இல்லை.

காரணம் வெளிப்படை. 2021 ஜூலையிலிருந்து ஆட்டக்காரர்கள் தங்கள் பெயரையும் முகத்தையும் வைத்துப் பணம் ஈட்டலாம். கல்லூரி மாறினால் ஓராண்டு உட்கார வேண்டும் என்ற விதியும் போய்விட்டது. 2025 ஜூலை 1 முதல் கல்லூரிகளே, முதல் ஆண்டில் 20.5 மில்லியன் டாலர் வரை, ஆட்டக்காரர்களுக்கு நேரடியாகக் கொடுக்கலாம். சின்னக் கல்லூரியில் ஒருவன் நன்றாக ஆடினால் அடுத்த ஆண்டு பெரிய கல்லூரியில் இருப்பான். புளோரிடாவின் மூன்று கார்டுகளையே (வளையத்துக்கு வெளியே நின்று பந்தை நடத்தும் ஆட்டக்காரர்கள்) பாருங்கள். கிளேட்டன் அயோனாவிலிருந்து வந்தவர். வில் ரிச்சர்ட் பெல்மான்டிலிருந்து. மார்ட்டின் புளோரிடா அட்லான்டிக்கிலிருந்து, 2023-இல் அந்தச் சின்ன அணியோடேயே கடைசி நால்வருக்குள் வந்தவர். அயோனா, பெல்மான்ட், அட்லான்டிக் மூன்றும் சேர்ந்து வளர்த்த கன்றுகளைப் புளோரிடா ஓட்டிக்கொண்டு போய் உழுதது. நீங்கள் ஒரு ஆட்டமா மூன்று ஆட்டமா என்று கேட்டுக்கொண்டிருக்கிறீர்கள்.

பழைய கார்டு:

எண்கணக்கு ஐயா, "உழுதது" என்று சொல்லி அந்தப் பையன்களை மாடாக்காதீர்கள். முன்பு உழைத்ததும் அவர்கள்தான், கூலி மட்டும் மற்றவர்களுக்குப் போனது. இந்தப் போட்டியின் தொலைக்காட்சி உரிமையை 2010-இல் 14 ஆண்டுக்கு 10.8 பில்லியன் டாலருக்கு விற்றார்கள். அதில் ஆடியவர்களுக்கு வந்தது படிப்புச் செலவு. கிளேட்டன் அயோனாவிலேயே இருந்து தியாகம் செய்திருக்க வேண்டும் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

சின்ன அணிகள் செத்துவிடவும் இல்லை. இதே மார்ச்சில் மெக்நீஸ், கிளெம்சனை 69-67 என்று வீட்டுக்கு அனுப்பியது. டிரேக், மிசௌரியைப் பத்துப் புள்ளியில் வென்றது.

எண்கணக்கு:

அந்த இரண்டு அணிகளின் பயிற்சியாளர்களும் எங்கே போனார்கள்? ஒருவர் வட கரோலினா ஸ்டேட்டுக்கு, மற்றவர் அயோவாவுக்கு. மார்ச் முடிந்த கையோடு கிளம்பிவிட்டார்கள்.

பழைய கார்டு:

அதற்கு என்னிடம் பதில் இல்லை, ஒப்புக்கொள்கிறேன். 2022-இல் செயின்ட் பீட்டர்ஸ் கென்டக்கியை வீழ்த்திக் கடைசி எட்டு வரை போனபோதும் இதுதான் நடந்தது. பயிற்சியாளரைச் சீட்டன் ஹால் அழைத்துக்கொண்டு போய்விட்டது. ஆனால் மூன்றுபுள்ளியின் கேள்விக்கும் இதற்கும் ஒரு தொடர்பு இருக்கிறது. தொடராக வைத்தால் ஆழமான அணி, அதாவது பணக்கார அணி, இன்னும் எளிதாக வெல்லும். சின்னவனுக்கு மிச்சமிருக்கும் ஒரே ஆயுதம் அந்த ஒற்றை இரவு. அதையும் பிடுங்கிவிடலாம் என்கிறீர்களா?

மூன்றுபுள்ளி:

நான் கடைசி நான்கு அணிகளுக்கு மட்டும்தானே கேட்கிறேன்? சின்னவன் அங்கே வருவதே இல்லை என்று எண்கணக்கு கணக்குப் போட்டுக் காட்டிவிட்டார். அங்கே நிற்பவர்கள் நாலு பணக்காரர்கள். அவர்களுக்குள்ளாவது நியாயமாக இருக்கட்டுமே. ஹூஸ்டன் ரசிகர்கள் யாராவது இங்கே இருந்தால் என் பக்கம் பேசுங்கள்.

ஹூஸ்டன்வாசி:

இருக்கிறேன். உங்கள் பக்கம் பேச முடியாது, மன்னியுங்கள்.

அன்று நானும் கணவரும் இரண்டு பையன்களும் இறுதி ஆட்டம் நடந்த அலமோடோம் அரங்கில்தான் இருந்தோம். வீட்டிலிருந்து மூன்று மணி நேர ஓட்டம். கிடைத்த டிக்கெட் கூரைக்குப் பக்கத்தில். ஆட்டக்காரர்கள் கடுகளவு. கடைசி நொடியில் பந்து யாரிடம் என்றே எங்களுக்குத் தெரியவில்லை. எதிர்ப்பக்கத்து நீலச் சட்டைகள் குதித்ததை வைத்துத்தான் தோற்றதைத் தெரிந்துகொண்டோம். திரும்பும்போது ஐ-10 நெடுஞ்சாலையில் மூன்று மணி நேரமும் காரில் ஒரு பேச்சு இல்லை. இதைச் சொல்வது, வலி தெரியாமல் பேசுகிறேன் என்று நினைக்கக் கூடாது என்பதற்காக.

ஆனால் ஹூஸ்டன் அங்கே எப்படி வந்தது? கடைசிப் பதினாறில் பர்டியூவுடன் 60-60. 0.9 நொடி இருக்கும்போது எங்கள் மிலோஸ் உஸான் வளையத்தருகே போய் இட்ட லே-அப், 62-60. பர்டியூ ரசிகர்கள் யாரும் இன்னும் இரண்டு ஆட்டம் கொடுங்கள் என்று கேட்கவில்லை. அரையிறுதியில் டியூக்கிடம் 14 புள்ளி பின்தங்கினோம். ஒரு நிமிடம்கூட இல்லாதபோதும் ஆறு புள்ளி பின்னே. பக்கத்து இருக்கைக்காரர் பையைத் தோளில் மாட்டிக்கொண்டுவிட்டார். அப்போது மூன்று புள்ளி எறிந்து கதவைத் திறந்தவர் யார் தெரியுமா? இதே எமானுவேல் ஷார்ப். 70-67 என்று நாங்கள் வென்றோம். நட்சத்திர ஆட்டக்காரர் கூப்பர் ஃபிளாக் இருந்த அந்த டியூக்கோடு மூன்று ஆட்டம் ஆடச் சொன்னால், எங்கள் ஊர் அணி என்ற பாசத்தை ஒதுக்கிவைத்துச் சொல்கிறேன், எனக்குத் தைரியம் இல்லை.

புளோரிடாவும் அப்படியே. யூகானை (கனெக்டிகட் பல்கலைக்கழக அணி) தாண்டியது இரண்டே புள்ளியில். டெக்சஸ் டெக்கிடம் மூன்று நிமிடத்துக்கும் குறைவாக இருந்தபோது ஒன்பது புள்ளி பின்னே. இறுதியில் கிளேட்டன் முதல் பாதியில் ஒரு புள்ளிகூட எடுக்கவில்லை. ஆனால் கடைசியில் கை நீட்டிக்கொண்டு பாய்ந்தது அவர்தான். "ஒரு நொடி தடுமாறியது" என்று நீங்கள் சொல்வது ஷார்ப்பின் தவறில்லை தம்பி, கிளேட்டனின் ஆட்டம்.

64 நொடிக்கு ஒரு கோப்பையா என்று தலைப்பு வைத்திருக்கிறீர்கள். டியூக்கிடம் எங்களுக்கு வேண்டியிருந்தது கடைசி ஒரு நிமிடம்தான். அதை வாங்கிக்கொண்டேன். இதை மட்டும் எப்படித் திருப்பிக் கேட்பேன்?

மூன்றுபுள்ளி:

அக்கா, நீங்களே இப்படிச் சொன்னால் நான் யாருக்காக வழக்காடுவது? கட்சிக்காரரே எதிர்த்தரப்புக்குச் சாட்சி சொன்ன கதையாகிவிட்டது.

ஆனாலும் விட மாட்டேன். நீங்கள் சொன்னதெல்லாம் இந்த முறையில் அதிர்ஷ்டம் எவ்வளவு புகுந்துகொள்கிறது என்பதற்குத்தான் சான்று. இரண்டு பேரும் கூரையேறித் தப்பி வந்தார்கள் என்றால், வந்த இடத்திலாவது தரையில் நின்று மோதட்டும் என்கிறேன்.

பழைய கார்டு:

ஏழு ஆட்டத்தில் அதிர்ஷ்டம் புகாதா? ஏழாவது ஆட்டத்தின் முதல் கால்பகுதியிலேயே ஹாலிபர்ட்டனின் குதிகால் தசைநாண் அறுந்ததே. ஆறு ஆட்டம் சமனாக நின்ற தொடர் ஒரு காலில் முடிந்தது. உங்கள் உதாரணமே உங்கள் காலை வாருகிறது.

மூன்றுபுள்ளி:

அது காயம். யாராலும் தடுக்க முடியாதது. இது வேறு.

எண்கணக்கு:

சண்டைக்கு நடுவே ஒரு கணக்கு. 68-இல் தொடக்கத் தகுதி ஆட்டங்கள் போக மிஞ்சும் 64 அணி அட்டவணையில் 63 ஆட்டம். எல்லாவற்றையும் சரியாகக் கணிக்கக் காசு சுண்டிப் பார்ப்பவனுக்கு உள்ள வாய்ப்பு 92 லட்சம் கோடியை 1 லட்சத்தால் பெருக்கினால் வரும் எண்ணில் ஒன்று. இதுவரை சரிபார்க்கப்பட்டவற்றில் நீண்டது, 2019-இல் ஒருவர் முதல் 49 ஆட்டங்களைப் பிசகாமல் கணித்தது. எங்கள் அலுவலகப் பந்தயத்தில் இந்த ஆண்டு வென்றவர், கூடைப்பந்தே பார்க்காத கணக்குப் பிரிவு அம்மையார். எந்த அணியின் சின்னத்தில் பெரிய வாய் இருக்கிறதோ அதைத் தேர்ந்தெடுத்தாராம். புளோரிடாவின் சின்னம் முதலை.

வேலூர்க்காரன்:

முதலைக்குத் தண்ணீரில்தானே பலம்?

ஹூஸ்டன்வாசி அக்கா, அந்த ஷார்ப் 2025-26 பருவம் ஆடுவாரா?

ஹூஸ்டன்வாசி:

ஆடுகிறார். உஸானும் திரும்பி வருகிறார். 2026-இல் கடைசி நால்வர் ஆட்டங்கள் இண்டியானாபொலிஸில், ஏப்ரல் முதல் வாரம். இந்த முறை விமான டிக்கெட் எடுக்க வேண்டியிருக்கும்.

இங்கே வீட்டு முன்னால் வண்டி நிறுத்தும் இடத்தில் ஒரு வளையம் மாட்டியிருக்கிறோம். ஏப்ரல் மாதத்திலிருந்து என் பையன்கள் அங்கே ஒரே காட்சியைத்தான் ஆடிக்கொண்டிருக்கிறார்கள். பெரியவன் எழும்புவான், சின்னவன் கையை விரித்துக்கொண்டு ஓடி வருவான், பெரியவன் பந்தை விடுவான். பந்து துள்ளித் துள்ளிக் கதவுப் பக்கம் உருளும். இருவரும் என்னைப் பார்ப்பார்கள். மூன்றாவது ஆளாக நான் போய் அதை எடுத்து எறிய வேண்டுமாம். நேற்றும் எறிந்தேன். வளையத்தில் படவில்லை.

மூன்றுபுள்ளி:

கீழே ஒரு லொரன்சோ சார்ல்ஸ் நிற்க வேண்டும் அக்கா.