கங்கைகொண்ட சோழபுரத்து அரண்மனை எங்கே போனது?

வழிப்போக்கன்:
போன ஞாயிறு குடும்பத்தோடு கங்கைகொண்ட சோழபுரம் போயிருந்தோம். கோயிலைப் பார்த்து வாயடைத்துப்போய், அதே வேகத்தில் 2 கிலோமீட்டர் தள்ளி இருக்கும் மாளிகைமேட்டுக்கும் வண்டியை விட்டால், இடுப்பளவுகூட வராத செங்கல் சுவர்கள், அவ்வளவுதான். "இதுக்காப்பா வந்தோம்?" என்று பையன் கேட்டுவிட்டான். கடாரம் வரை கப்பல் அனுப்பிய ராசேந்திரன் வாழ்ந்த இடம் இதுதானா? பாண்டியர்கள் இடித்துவிட்டார்கள் என்கிறார்களே, உண்மையா?

கொள்ளிடக்கரை:
இதுதான். ஆனால் கோயிலோடு ஒப்பிட்டால் ஏமாற்றம்தான் மிஞ்சும். கல் சாமிக்கு; ராசாவே ஆனாலும் மனுசன் குடியிருக்க செங்கல்லும் மரமும்தான். 1980களில் மாநிலத் தொல்லியல் துறை தோண்டியபோது சுமார் 1.10 மீட்டர் கனத்தில் செங்கல் சுவர், கருங்கல் தூண் அடிக்கற்கள், குவியல் குவியலாகத் தட்டை ஓடுகள், இரும்பு ஆணிகள் எல்லாம் கிடைத்தன. அடிக்கல் இருக்கிறது, மேலே நின்ற தூணைக் காணோம் என்றால் அது மரத்தூணாகத்தான் இருந்திருக்க வேண்டும். மரம் மட்கிவிடும், செங்கல்லை அக்கம்பக்கத்தார் வீடு கட்டப் பெயர்த்துப் போவார்கள். அப்புறம் மிச்சம் என்ன இருக்கும்?

ஓலைச்சுவடி:
பாண்டியர் கதையில் கொஞ்சம் நிதானம் வேண்டும். "தஞ்சையும் உறந்தையும் செந்தழல் கொளுத்தி" என்று மாறவர்மன் சுந்தர பாண்டியனின் மெய்க்கீர்த்தியே (கல்வெட்டின் தொடக்கத்தில் வரும் மன்னன் புகழ்ப் பாட்டு) பெருமையடிக்கிறது, சரி. ஆனால் அந்த வரி தஞ்சாவூரையும் உறையூரையும் பற்றியது, அதை அப்படியே தூக்கி இந்த ஊருக்கு ஒட்டக் கூடாது.

அரண்மனையின் பேர்கூட நமக்குத் தெரியும். ராசேந்திரனின் மகன் வீரராசேந்திரன் காலத்துக் கல்வெட்டு "சோழகேரளன் திருமாளிகை" என்கிறது, மன்னன் அமர்ந்த ஆசனத்துக்கே மாவலி வாணராசன் என்று பேர் வைத்திருக்கிறார்கள்! சுற்றியுள்ள ஊர்ப்பேர்களைப் பாருங்கள்: உட்கோட்டை, மெய்க்காவல்புத்தூர். கட்டடம் போனாலும் காவல்காரர் குடியிருப்பு பேரில் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

கொள்ளிடக்கரை:
பெயர்த்துப் போவது என்றதும் இன்னொன்று, கோயிலின் சுற்றுமதில் கல்லையே 1836இல் கொள்ளிடத்தின் குறுக்கே அணைக்கரையில் கீழணை கட்ட வெள்ளைக்காரர்கள் கொண்டுபோனார்கள். கல்லுக்கே அந்தக் கதி.

வழிப்போக்கன்:
அட, அணைக்கரைப் பாலம் வழியாகத்தானே நாங்கள் திரும்பி வந்தோம்! வண்டியை நிறுத்தக்கூட இல்லை. பையனுக்குக் காட்ட வேறு ஏதாவது உண்டா?

ஓலைச்சுவடி:
கோயில் பக்கத்திலேயே அருங்காட்சியகம் இருக்கிறது, அடுத்த முறை அங்கிருந்து ஆரம்பியுங்கள். மாளிகைமேட்டு ஓடுகளை அங்கே பார்த்துவிட்டு மேட்டுக்குப் போனால், இடுப்பளவுச் சுவருக்கு மேலே கூரையைப் பையனே மனசில் போட்டுக்கொள்வான். தோண்டியதில் சீனப் பீங்கான் துண்டுகளும் கிடைத்தன, அதையும் சொல்லிவையுங்கள். 2021இலிருந்து மறுபடி தோண்டியிருக்கிறார்கள், முன்பு பார்த்தவர்களும் போகலாம். வெயிலுக்குத் தொப்பி கட்டாயம், அங்கே ஒரு மர நிழல் கிடைப்பதே பெரும்பாடு.