புதுப்பிப்பு: கோப்பையைப் பறிகொடுத்த கதை

போன வாரம் எழுதியிருந்தேன்: சிங்கப்பூர் யீஷூனில் எங்கள் புளோக் கீழ்த்தளத்தில் நடந்த சூப்பர் மரியோ 64 வீடியோ விளையாட்டு வேகப்போட்டியில் (யார் சீக்கிரம் ஆடி முடிக்கிறார் என்பதுதான் போட்டி) என் அக்கா மகன் ஜெயித்தான், "கிளிட்ச் போட்டான்" (விளையாட்டில் உள்ள பிழையைப் பயன்படுத்தினான்) என்று கோப்பையைப் பறித்துவிட்டார்கள் என்று. பலர் அவனுக்காகப் பேசினீர்கள், நன்றி.

ஞாயிற்றுக்கிழமை போட்டி நடத்திய அண்ணனுடன் தேக்காவில் தேநீர் குடித்துக்கொண்டே பேசினேன். அக்கா மகன் செய்தது, மரியோவைப் பின்னோக்கித் தாவ வைக்கும் வித்தை. படிக்கட்டில் அப்படியே தாவிக்கொண்டிருந்தால் வேகம் வரம்பில்லாமல் ஏறும். கடைசிக் கட்டத்துக்கு முன்னால் வரும் முடிவிலாப் படிகளைத் தாண்ட வழக்கமாக 70 நட்சத்திரம் சேர்த்திருக்க வேண்டும்; இந்த வித்தை இருந்தால் அது இல்லாமலே தாண்டிவிடலாம். வேகப்போட்டியில் எத்தனை நட்சத்திரம் சேர்ப்பது என்பதை வைத்துப் பிரிவுகள் உண்டு. உலகெங்கும் 16 நட்சத்திர ஓட்டத்தில் இதுதான் அடிப்படை. 70 நட்சத்திர ஓட்டத்தில் தடை. ஆக, வித்தையில் குற்றமில்லை. எந்தப் பிரிவு என்று யாரும் முன்கூட்டியே சொல்லவில்லை, அதுதான் சிக்கல்.

இன்னொன்றும் தெரிந்தது, இது எனக்கு வலித்தது. மற்ற பிள்ளைகள் ஆடியது, நின்டெண்டோ ஸ்விட்ச் கருவிக்கு 2020இல் வந்த மரியோ தொகுப்பில். அதில் இந்த வித்தை வேலையே செய்யாது! இவன் மட்டும் பழைய கருவியில் ஆடியிருக்கிறான்.

உண்மையான ஏமாற்று எது என்றால், அதே 2020இல் கவுண்டர்-ஸ்ட்ரைக் என்ற துப்பாக்கிச் சண்டை விளையாட்டின் அணிப் பயிற்சியாளர்கள் 37 பேர் தடைசெய்யப்பட்டார்கள். விளையாட்டின் கேமராப் பிழையால் எதிரணி எங்கே இருக்கிறது என்று பார்த்துக்கொண்டு, வெளியே சொல்லாமல் இருந்தவர்கள். அது ஏமாற்று. இவன் எல்லார் கண்முன்னால் ஆடினான்.

கோப்பையை நாங்கள் கேட்கவில்லை. அடுத்த மாதம் ஒரே கருவி, இரண்டு பிரிவு, விதிகள் சுவரில். அவன் இப்போதே பயிற்சியில் இருக்கிறான்.