‘இருபால் சாரா’: வணிக ஒளிப்பட அறிவிப்புக்கு ஒரு சொல்

குழும நண்பர்களுக்கு வணக்கம்.

நாச்சியார்கோயில் விளக்குப் பட்டறைகளுக்கும், சுவாமிமலைச் சிற்பக்கூடங்களுக்கும், திருபுவனத்துப் பட்டு உற்பத்தியாளர்களுக்கும் ஒளிப்படக் கலைஞர்களான நாங்கள், படம் எடுக்கும் பணிக்குப் பெண்களையும் தம்மை ஆணென்றோ பெண்ணென்றோ கொள்ளாதவரையும் கேளுங்கள் என்று அனுப்பவிருக்கும் அறிவிப்பில், பின்னவரைச் சுட்டும் ‘நான்-பைனரி’ என்பதை எந்தத் தமிழ்ச் சொல்லால் குறிப்பது என்று சென்ற வாரம் கேட்டிருந்தேன். வந்த மடல்கள் அனைத்தையும் படித்துவிட்டு, பட்டறைகளிலும் வாசித்துக் காட்டிவிட்டு இதை எழுதுகிறேன்.

முதலில் ‘கமர்ஷியல் போட்டோகிராபி’, அதாவது விளம்பரத்துக்கும் விற்பனைக்குமாகப் படம் எடுப்பது. ‘வணிகப்படம்’ என்று சுருக்கினால் நம் ஊரில் மசாலா சினிமா என்றுதான் பொருள்படும் என்பதால், ‘வணிக ஒளிப்படம்’ என்று ‘ஒளி’யை விடாமல் எழுதுவோம். இதில் எவருக்கும் மறுப்பு இல்லை. படம் எடுப்பவருக்கு ‘ஒளிப்படக் கலைஞர்’ போதும். கல்யாண மண்டபங்களில் கேமரா பிடித்திருப்பவர் யாராக இருந்தாலும் ‘கேமராமேன்’ என்றே அழைக்கிறார்கள். அந்த ‘மேன்’ நம் அறிவிப்பில் ஓரிடத்திலும் வரக்கூடாது.

சிக்கல் அடுத்த சொல்லில்தான் இருக்கிறது. ‘மூன்றாம் பாலினம்’ என்று எழுதலாம் என்றார் ஒருவர். அச்சொல்லைப் படிப்பவர் மனத்தில் உடனே திருநங்கையரே தோன்றுவர். அவர்களில் பெரும்பாலோர் தம்மைப் பெண்ணென்றே உணர்பவர்கள், ஆகவே அறிவிப்பின் ‘பெண்’ என்ற சொல்லிலேயே அவர்கள் அடங்கிவிடுகிறார்கள். ‘குயர்’ என்பதற்கு வழங்கும் ‘பால் புதுமையர்’ நல்ல சொல், ஆனால் ஒருவருக்கு யார்மேல் ஈர்ப்பு என்னும் பாலீர்ப்பையும் சேர்த்துச் சுட்டும் அளவுக்கு விரிந்தது. ‘டிரான்ஸ்ஜெண்டர்’ என்பதற்கு வழங்கும் ‘திருநர்’ என்பதும் அப்படியே விரிந்தது. 2019-ஆம் ஆண்டின் திருநர் பாதுகாப்புச் சட்டம் தன் வரையறைக்குள் பலரையும் ஒருசேரக் கொண்டுவருகிறது; சட்டத்துக்கு அந்த விரிவு தேவை, நமக்கோ தம்மை ஆணென்றோ பெண்ணென்றோ கொள்ளாதவரை மட்டும் சுட்டும் சொல் தேவை.

ஆண், பெண் என்ற இருமை இல்லாதவர் என்ற பொருளில் மூத்த உறுப்பினர் ஒருவர் முன்வைத்த ‘இருமையிலி’ இலக்கணப்படி பிழையற்றது என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆயினும் அதை ஏற்க என் மனம் ஒப்பவில்லை. ‘இருமை’ என்றால் இம்மையும் மறுமையும் என்று குறள் படித்தவர் கொள்வர். கும்பகோணம் போன்ற கோயில் ஊரில் ‘இருமையிலி’ என்று அச்சடித்தால், இருவுலகும் இல்லாதவர் என்று ஒருவரைச் சபித்தது போலாகிவிடும். நாணிலி, ஏதிலி என்று ‘இலி’ ஒட்டிய சொற்கள் ஒரு குறையையே முன்னிறுத்துகின்றன என்பது மற்றொன்று. எல்லாவற்றுக்கும் மேலாக, அந்த ஓசை நம் தெருக்களில் வசையாக வீசப்பட்ட ‘அலி’ என்ற சொல்லுக்கு மிக அருகில் நிற்கிறது. மயிலாடுதுறையிலிருந்து வந்து என்னோடு மூன்று ஆண்டுகளாகப் பணிபுரியும் தோழர், தம்மை ஆணாகவும் பெண்ணாகவும் கருதாதவர், இந்தச் சொற்களின் பட்டியலைப் பார்த்துவிட்டுச் சொன்னார்: “அக்கா, எனக்கு எதுவும் குறையவில்லை. நான் இரண்டு பக்கமும் சேரவில்லை, அவ்வளவுதான்.”

அவர் சொன்ன ‘சேரவில்லை’ என்பதிலிருந்தே ‘இருபால் சாரா’ என்ற தொடரை அடைந்தோம். ‘அணிசாரா நாடுகள்’, ‘அரசுசாரா நிறுவனம்’ ஆகியவற்றில் பழகிய அமைப்பு இது. ‘இருபாலர் பள்ளி’ என்று பெயர்ப்பலகைகளில் படித்திருப்பதால் ‘இருபால்’ என்பதற்கும் விளக்கம் வேண்டியதில்லை. பெயர்ச்சொல்லாக்கும்போது மட்டும் கவனம் வேண்டும். ‘இருபால் சாரார்’ என்று சுருக்கினால், ‘ஒரு சாரார்’ என்பதைப் போல இரு பாலையும் சேர்ந்த பிரிவினர் என்று நேரெதிராகப் பொருள் மாறிவிடும். எனவே ‘இருபால் சாராதவர்’ என்றே முழுமையாக எழுத வேண்டும்.

இச்சொல்லோடு சேரும் வினைமுற்றில் இடர் இல்லை. ஆண்மை திரிந்த பெயருக்கென, அதாவது ஆண் தன்மையிலிருந்து மாறியவரைக் குறிக்கும் பெயருக்கெனத் தனி ஈறு (சொல்லின் இறுதி) இல்லை, உள்ள ஈறுகளையே அது ஏற்கும் என்று தொல்காப்பியத்தின் கிளவியாக்கம் என்னும் இயல் அன்றே பேசியிருக்கிறது. இன்றைய வழக்கில் ‘அவர் வந்தார்’ என்னும் மரியாதை வடிவம் எல்லாரையும் ஏற்றுக்கொள்கிறது.

ஒரு சொல்லுக்கு ஏன் இவ்வளவு மன்றாடுகிறேன் என்று கேட்பவர்களுக்காக, தொழிலின் உள்ளே நடப்பதைச் சொல்கிறேன். துலக்கிய பித்தளைக் குத்துவிளக்கு கண்ணாடிக்கு ஒப்பானது. அறையின் சன்னலும், கேமராவின் கறுப்பும், பின்னால் நிற்பவரின் உருவமும் அதன் தண்டில் நீண்டு வளைந்து தெரியும். விளக்கைச் சுற்றி வெள்ளைத் துணிக் கூடாரம் அமைத்து, லென்ஸ் நுழையுமளவு மட்டும் திறப்பு விட்டு, துணிக்கு வெளியிலிருந்து ஒளியைப் பாய்ச்சினால்தான் உச்சியிலுள்ள அன்னத்தின் செதுக்கு வேலை துலங்கும். இதைத் தேர்ந்தவர் ஒருவருக்கு அருகில் உதவியாளராக மாதக்கணக்கில் நின்றே கற்க முடியும். அந்த உதவியாளர் இடம்தான் எங்களுக்குக் கிடைப்பதில்லை. ‘லைட் ஸ்டாண்டை யார் தூக்குவது, இரவில் யார் கொண்டுபோய் விடுவது’ என்ற இரண்டு கேள்விகளிலேயே கதவு சாத்தப்பட்டுவிடுகிறது.

கற்று வந்த பின்னும் பெயர் நிற்பதில்லை. ஒரு பட்டுக்கடைக்கு நாள் முழுவதும் சேலைகளைப் படம் எடுத்துக் கொடுத்தேன். சரிகை மின்ன வேண்டும் என்பதற்காக ஒவ்வொரு சேலைக்கும் பக்கவாட்டு ஒளியை மாற்றி வைத்தேன். பில் என் கணவர் பெயரில் வந்தது. அவர் அன்று என்னை வண்டியில் இறக்கிவிட்டவர் மட்டுமே. இந்தியாவின் முதல் பெண் பத்திரிகை ஒளிப்படக் கலைஞரான ஹோமாய் வியாரவாலாவின் தொடக்ககாலப் படங்கள் அவர் கணவர் பெயரில்தான் வெளிவந்தன என்று அறிந்தபோது, எத்தனை தலைமுறையாக இது நடக்கிறது என்று நெஞ்சு கனத்தது. அவருக்குப் பத்ம விபூஷண் 2011-இல் கிடைத்தது; அப்போது அவருக்கு வயது 97.

எங்கள் வேண்டுகோள் புதியதும் அன்று. விளம்பர நிறுவனங்கள் மூன்று விளம்பரப் பட இயக்குநர்களிடம் விலைப்புள்ளி கேட்கும் வழக்கத்தில் ஒருவராவது பெண்ணாக இருக்க வேண்டும் என்று 2016-இல் திரைப்பட இயக்குநர் அல்மா ஹரேல் ‘ஃப்ரீ தி பிட்’ இயக்கத்தைத் தொடங்கினார். பெண்கள், இருபால் சாராதவர் ஆகியோரின் பெயர்களைச் செய்தி ஒளிப்படத் துறையில் தொகுத்துத் தரும் ‘விமன் போட்டோகிராஃப்’ 2017-இல் வந்தது. நம் கடைக்காரர்கள் ‘கொட்டேஷன்’ என்றே சொல்வதால், அறிவிப்பிலும் ‘விலைப்புள்ளி’யை விட்டுவிட்டு அதையே எழுதுகிறோம்.

நாச்சியார்கோயில் பட்டறை உரிமையாளர் ஒருவரிடம் அனைத்துச் சொற்களையும் வாசித்தேன். ‘இருபால் சாரா’ என்றதும், “அரசு சாரா மாதிரியா?” என்றார். ஆமாம் என்றேன். மேற்கொண்டு விளக்கம் கேட்காமல், அடுத்த வாரம் விளக்குப் பட்டியலுக்குப் படம் எடுக்க முடியுமா என்று என் தோழரிடமே கேட்டார்.

அச்சுக்குப் போகவிருக்கும் வாக்கியம் இது: “வணிக ஒளிப்படப் பணிக்கு மூவரிடம் கொட்டேஷன் கேட்கும்போது, அவர்களில் ஒருவராவது பெண்ணாகவோ இருபால் சாராதவராகவோ இருக்கட்டும், படத்தின் கீழும் பில்லிலும் எடுத்தவர் பெயரையே எழுதுங்கள்.” சந்தி, பொருள், ஓசை எதில் மறுப்பு இருந்தாலும் வெள்ளிக்கிழமைக்குள் எழுதுங்கள். சனிக்கிழமை காலையில் அச்சகத்துக்குக் கொடுக்கிறோம்.