மரத்தூளும் குடும்ப மானமும்

மீனா: பெரியப்பா, நம் குடும்பக் குழுவில் நீங்கள் அனுப்பிய இணைப்பில், அமெரிக்க இயக்குநர் கிரிஃபித் 1925இல் எடுத்த ‘சாலி ஆஃப் த சாடஸ்ட்’ பேசாப்படத்தை நேற்றிரவு முழுவதும் பார்த்து முடித்தேன். சர்க்கஸ் கூடாரத்தின் தரையில் பரப்பும் மரத்தூளைத்தான் தலைப்பு சொல்கிறது என்பது பாதிப் படம் ஓடிய பிறகே எனக்கு உறைத்தது.

பெரியப்பா: மகிழ்ச்சியம்மா. சர்க்கஸ்காரனை மணந்தாள் என்பதற்காகப் பெற்ற மகளையே வீட்டை விட்டு விரட்டிய நீதிபதி ஃபாஸ்டர், பல ஆண்டுகள் கழித்து, அந்த மகளின் மகள்தான் என்று அறியாமல் சாலியைத் தம் நீதிமன்றத்திலேயே நிறுத்தி விசாரிக்கிறாரே, அந்த இடம் உனக்கு எப்படி இருந்தது?

மீனா: சிரிப்பதற்கென்றே உட்கார்ந்த எனக்கு அங்கே சிரிப்பு வரவில்லை. அதற்கு முன்பே, உறவு இன்னதென்று தெரியாமல் அந்தப் பெண்ணிடம் பாட்டி ஒட்டிக்கொள்வது என்னை மிகவும் உருக்கிவிட்டது.

சித்தி: பாட்டியை நானும் ஏற்கிறேன். ஆனால், பேத்தி என்று தெரிந்த பிறகு தாத்தா அணைத்துக்கொள்வதை மனமாற்றம் என்று எப்படிச் சொல்வது? கூத்தாடிகளைப் பற்றிய அவருடைய எண்ணம் மாறியதாகவே எனக்குத் தோன்றவில்லை. தம் இரத்தம் என்பதால் ஒருத்திக்கு மட்டும் விலக்கு அளிக்கிறார். சாலி யாரோ ஒருவர் பெற்ற பிள்ளையாக இருந்திருந்தால், அவர் அன்றைய தீர்ப்பை எழுதிவிட்டு நிம்மதியாகச் சாப்பிடப் போயிருப்பார்.

மாமா: அந்த யாரோ பெற்ற பிள்ளையைத்தானே மக்கார்கிள் வளர்த்தார்! ஊர் ஊராக ஏமாற்றிப் பிழைப்பவர்தான். இருந்தாலும் தாயில்லாக் குழந்தையை அவர் கைவிடவில்லை. படத்தில் அந்த வேடத்தில் வரும் டபிள்யூ. சி. ஃபீல்ட்ஸ், இதன் மூலமான ‘பாப்பி’ என்ற நாடகத்திலும் 1923இலேயே நியூயார்க்கின் பிராட்வே அரங்கில் அதே வேடத்தை ஏற்றிருந்தார். பந்துகளை வீசிப் பிடிக்கும் வித்தைக்காரராக மேடையேறியவர் என்பதால், வசனமே இல்லாத படத்திலும் அவருடைய கைகள் பேசுகின்றன.

பெரியப்பா: சாலியை விரும்பும் பணக்கார வீட்டுப் பிள்ளையாக வரும் ஆல்ஃபிரட் லண்ட்டும் பிராட்வே நடிகர்தான். கௌரவமான குடும்பத்தைத் திரையில் காட்டவும் நாடகக்காரர்களைத்தான் அழைக்க வேண்டியிருந்திருக்கிறது!

மீனா: முடிவில் மக்கார்கிள் நிலம் விற்கும் தொழிலில் இறங்கி மரியாதைக்குரியவராகிவிடுகிறாரே, அதைப் பார்த்துத்தான் வாய்விட்டுச் சிரித்தேன்.

சித்தி: வாய் அதேதான், விற்கும் பொருள்தான் வேறு.

மாமா: இருபது ஆண்டுகளாக மனை வாங்கி விற்றுக்கொண்டிருக்கும் எனக்கு அந்தக் காட்சியில் நகைச்சுவை எதுவும் தென்படவில்லை என்பதை இக்குழுவில் பணிவுடன் பதிவு செய்கிறேன்.