மறுமொழி: அத்தை வீட்டுக் கூரைப் பணம்

அனைவருக்கும் வணக்கம்.

அத்தை வீட்டுக் கூரையை மாற்றச் சங்கத்தில் பணம் திரட்டுவது பற்றி மேல்வீட்டு அண்ணன் எழுதிய மடலைப் பார்த்த பிறகு சும்மா இருக்க முடியவில்லை. பேய்க்காரி வீட்டுக்குச் சங்கப் பணமா என்று கேட்டிருக்கிறீர்கள். அண்ணா, அத்தை நடித்த ஒரே படமான அந்தப் பேய்ப்படம் பழனியில் ஓடியபோது ஊரே ஜீப் பிடித்து மலையிறங்கிப் போனது. முன்சீட்டில் உட்கார்ந்து போனவர் உங்கள் அப்பா.

என் தங்கை மகள் போன மாதம் கொடைக்கானல் மலையில் அத்தை இருக்கும் பூம்பாறைக்குப் போய் வந்தாள். கூரைத் தகரத்தில் ஆணி அடித்த இடமெல்லாம் துருவேறி ஓட்டையாம். அடுப்புக்கு மேலே புகை படக் கட்டித் தொங்கவிட்ட விதைப்பூண்டில் தண்ணீர் சொட்டிப் பாதி அழுகிவிட்டது. அத்தை ஒவ்வொரு கட்டாகப் பிரித்து, அழுகியதைக் கிள்ளி எறிந்துவிட்டு, தேறியதை முறத்தில் போட்டுக்கொண்டிருந்தாராம். ஐப்பசி மழை பிடித்தால் அங்கே படுக்கக்கூட இடம் இருக்காது.

நான் இருக்கும் அமெரிக்காவின் கன்சாஸ் மாநிலத்தில் லாரன்ஸ் என்று ஓர் ஊர். 1962-ல் வந்த 'கார்னிவல் ஆஃப் சோல்ஸ்' என்ற பேய்ப்படத்தில் பெரும்பகுதி அங்கே எடுத்ததுதான். இயக்குநர் ஹெர்க் ஹார்வி அதுவரை பள்ளிகளுக்கும் கம்பெனிகளுக்கும் சின்னப் படங்கள் எடுத்துக்கொண்டிருந்தவர். மொத்தச் செலவே சுமார் 33,000 டாலர். பேயாகவும் அவரே வந்தார். வெளியானபோது கண்டுகொள்ள ஆளில்லை. 1989-ல் மறுபடி தியேட்டருக்கு வந்தது. கதாநாயகி கேண்டஸ் ஹில்லிகாஸ், அதில் தேவாலயத்தில் ஆர்கன் வாசிக்கும் பெண். அவர் நடித்த படங்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். ஆனாலும் இங்கே பேய்ப்படப் பிரியர்கள் அவரைப் பெயர் சொல்லி, மரியாதையாகத்தான் பேசுகிறார்கள்.

நாமும் சினிமாவை வேண்டாம் என்பவர்கள் இல்லையே. 1991-ல் வந்த குணாவுக்கு அப்புறம் கொடைக்கானல் குகைக்கே குணா குகை என்று பெயர் நிலைத்துவிட்டது. 2024-ல் அதே குகையை வைத்து மஞ்சும்மல் பாய்ஸ் படம் வந்தபோது 'எங்க மலை' என்று இதே குழுவில் எத்தனை பேர் புகைப்படம் போட்டீர்கள்! குகைக்குக் கிடைத்த பெருமை அத்தைக்குக் கிடையாதா?

சிங்கப்பூர் மச்சான் கணக்குக் கேட்பது நியாயம்தான். கஜா புயல் நிவாரணப் பணத்தை வைத்து 2018-ல் தொடங்கிய சண்டை இன்னும் ஓயவில்லை. அதனால் இந்த முறை யார் கையிலும் ரொக்கம் கொடுக்க வேண்டாம். தகரத்துக்கான பணம் வத்தலக்குண்டுக் கடைக்கு நேராகப் போகட்டும். வண்டி வாடகை, ஆசாரி கூலி இரண்டுக்கும் தனித்தனிச் சீட்டு வாங்கி இங்கே போடச் சொல்கிறேன்.

எங்கள் அம்மா இறந்தபோது கீழத்தெருவில் இருந்து ஒருவரும் எட்டிப் பார்க்கவில்லை. ஏன் என்று உங்களுக்கே தெரியும். அத்தைதான் வந்து காரியம் முடியும்வரை எங்களுக்குச் சோறாக்கிப் போட்டார். அதை நான் மறக்க மாட்டேன்.

என் பங்கை அனுப்பிவிட்டேன். மேல்வீட்டு அண்ணா, நீங்கள் தராவிட்டாலும் சரி, அந்தப் பேச்சை மட்டும் இங்கே திரும்ப எழுதாதீர்கள். அத்தையின் பேரனும் இந்தக் குழுவில்தான் இருக்கிறான்.