இருமுறை பதிவான வாக்குகளும் தேர்தல் மனுக்களும்: நேரில் கண்டவர்களின் பகிர்வு

வாக்குச்சாவடி முகவராக இருந்தவர்:

2019 டிசம்பரில் தமிழ்நாட்டின் 27 மாவட்டங்களில் நடந்த ஊரக உள்ளாட்சித் தேர்தலில், எங்கள் கிராம ஊராட்சித் தலைவர் பதவிக்கு என் சித்தப்பா போட்டியிட்டார். ஜனவரி 2-ஆம் தேதி தொடங்கிய எண்ணிக்கை முடிந்தபோது அவர் 3 வாக்குகளில் தோற்றிருந்தார். 2-ஆம் வார்டிலும் 5-ஆம் வார்டிலும் பெயர் உள்ள சிலர் இரண்டு சாவடிகளிலும் ஓட்டுப் போட்டார்கள் என்ற பேச்சு அன்றிரவே ஊருக்குள் பரவியது. வார்டு உறுப்பினருக்கான சீட்டு வார்டுக்கு வார்டு வேறு. தலைவருக்கான இளஞ்சிவப்புச் சீட்டோ ஊராட்சி முழுவதற்கும் பொதுவானது. ஆகவே இரண்டு வார்டுகளில் பெயர் உள்ளவர் இரண்டு இடத்திலும் வாக்களித்தால், தலைவர் தேர்தலில் அவர் இருமுறை வாக்களித்தவராகிறார்.

அரசியலமைப்பின் 243-ஓ பிரிவின்படி ஊராட்சித் தேர்தலைத் தேர்தல் மனு வழியாக மட்டுமே எதிர்க்க முடியும். 1994-ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டப்படி, முடிவு வெளியான 45 நாட்களுக்குள் அந்த மனுவை மாவட்ட நீதிபதியிடம் தாக்கல் செய்ய வேண்டும். நாங்கள் வழக்கறிஞரைப் பார்த்தபோது, "பல பேர் போட்டார்கள் என்று எழுதினால் மனு அன்றே விழுந்துவிடும், யார், எந்தச் சாவடி, எந்த வரிசை எண் என்று எழுதிக்கொண்டு வாருங்கள்" என்றார். பட்டியலை வரிவரியாக ஒப்பிட்டு ஒன்பது பெயர்களைக் கொடுத்தோம். மனு தாக்கலான சில வாரங்களில் கொரோனா ஊரடங்கு வந்தது. விசாரணை உண்மையில் தொடங்க ஓராண்டுக்கும் மேலாகிவிட்டது.

வாக்குச்சீட்டுகளும் பட்டியல்களும் இருந்த சீலிட்ட உறைகளைத் திறக்க எதிர்த்தரப்பு கடுமையாக ஆட்சேபித்தது. வாக்கின் இரகசியம் பெரிதுதான்; ஆனால் தேர்தலின் தூய்மைக்கும் இரகசியத்துக்கும் மோதல் வந்தால் தூய்மையே மேலோங்கும் என்று உச்ச நீதிமன்றம் 1980-இல் எஸ். ரக்பீர் சிங் கில் வழக்கில் சொன்னதை எங்கள் தரப்பு எடுத்துக்காட்டியது. நீதிபதி அந்த ஒன்பது பேர் தொடர்பான ஆவணங்களை மட்டும் பார்க்க அனுமதித்தார்.

அன்று நீதிமன்றத்தில் கண்டதை நான் மறக்க மாட்டேன். வாக்களிக்க வந்தவர் பெயருக்குச் சாவடியில் கோடிட்டுக் குறித்த வாக்காளர் பட்டியலில், ஒன்பது பேரில் ஐந்து பேருக்கு மட்டுமே இரண்டு இடத்திலும் கோடு விழுந்திருந்தது. அந்த ஐவரில் இரண்டு பெயர்கள் உண்மையாகவே வெவ்வேறு ஆட்களுடையவை. பெயரும் தந்தை பெயரும் ஒன்றாக இருந்ததைக் கண்டு ஒரே ஆள் என்று நாங்கள்தான் தவறாக முடிவு செய்திருந்தோம். ஒருவர் நேரில் வந்து நின்றபோது எனக்குக் குற்ற உணர்வு ஏற்பட்டது. இரண்டாண்டுகளாக அவரைக் கள்ள ஓட்டுப் போட்டவர் என்று ஊரெல்லாம் சொல்லியிருந்தோம். வாக்குச்சீட்டைக் கிழித்துக் கொடுத்தபின் சாவடியில் தங்கும் துண்டான அடிக்கட்டையில் வாக்காளர் கையெழுத்திடுவார்; மீதி மூவரின் கையெழுத்துகள் இரண்டு அடிக்கட்டைகளிலும் ஒத்திருந்தன.

அவர்கள் மூவரும் போட்ட ஆறு வாக்குகளும் செல்லாதவை என்று முடிவானது. ஒருவர் இருமுறை வாக்களித்தால் ஒன்றை வைத்துக்கொண்டு மற்றதை நீக்குவதில்லை, இரண்டுமே போகும். நாடாளுமன்ற, சட்டமன்றத் தேர்தல்களுக்கான 1951-ஆம் ஆண்டின் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 62-ஆம் பிரிவில் சொல்வதும் இதையே. அடிக்கட்டை எண்ணைக் கொண்டு சீட்டுகளைத் தேடி எடுத்தபோது நான்கு வென்றவருக்கும் இரண்டு எங்களுக்கும் விழுந்திருந்தன. எங்களுக்காகவும் ஒருவர் இருமுறை வாக்களித்திருக்கிறார் என்பது அப்போதுதான் தெரிந்தது. 3 வாக்கு வித்தியாசம் 1 ஆகக் குறைந்தது. மனு தள்ளுபடியானது.

ராஜஸ்தானின் நாத்துவாரா சட்டமன்றத் தொகுதியில் 2008-இல் காங்கிரஸ் வேட்பாளர் சி.பி. ஜோஷி ஒரே ஒரு வாக்கில் தோற்று, வென்றவரின் குடும்பத்தைச் சேர்ந்த ஒருவர் இரண்டு இடத்தில் வாக்களித்ததாகக் குற்றஞ்சாட்டி உச்ச நீதிமன்றம் வரை போன வழக்கைப் பிறகு படித்தேன். ஒரு வாக்கின் கனம் எனக்கு முன்பே தெரிந்திருந்தது. இந்தச் சண்டையைப் பட்டியல் நிலையிலேயே முடித்திருக்க வேண்டும் என்பதே என் உறுதியான கருத்து. ஒன்றுக்கு மேற்பட்ட பட்டியல்களில் பெயர் உள்ளவர்களும் போட்டியிடலாம் என்று உத்தரகாண்ட் மாநிலத் தேர்தல் ஆணையம் வெளியிட்ட சுற்றறிக்கையை 2025 ஜூலையில் அந்த மாநில உயர் நீதிமன்றம் நிறுத்தி வைத்தது. மேல்முறையீடு செய்த ஆணையத்துக்கு உச்ச நீதிமன்றம் 2 லட்சம் ரூபாய் செலவுத் தொகை விதித்ததை அறிந்தபோது, எங்கள் ஊர்ப் பட்டியலின் வரைவு ஒட்டப்பட்ட நாட்களில் யாரும் அதைப் போய்ப் பார்க்காததுதான் நினைவுக்கு வந்தது.

சாட்சியாக அழைக்கப்பட்ட ஒரு பெண்:

மேலே சொல்லப்பட்ட ஒன்பது பேரைப் போலவே, வேறொரு மாவட்டத்து வழக்கில் என் பெயரும் ஒரு மனுவில் அச்சாகியிருந்தது. திருமணத்துக்குப் பிறகு கணவர் ஊரில் படிவம் 6 கொடுத்துப் பெயரைச் சேர்த்தேன். பிறந்த ஊரில் நீக்கக் கேட்டுப் படிவம் 7 கொடுக்க வேண்டும் என்று யாரும் சொல்லவில்லை, நானும் விசாரிக்கவில்லை. 2019 டிசம்பர் 27-ஆம் தேதி முதல் கட்டத்தில் பிறந்த ஊரிலும், 30-ஆம் தேதி இரண்டாம் கட்டத்தில் கணவர் ஊரிலும் என் பெயருக்கு எதிரே கோடு விழுந்திருந்தது. முதல் கட்டத்தன்று நான் அந்த ஊர்ப் பக்கமே போகவில்லை.

அழைப்பாணை வந்த அன்று என் மாமியார் சமையலறையில் உட்கார்ந்து அழுதார். பெயர் இரண்டு இடத்தில் இருப்பதும், இருமுறை வாக்களிப்பதும், ஒருவர் பெயரில் இன்னொருவர் வாக்களிப்பதும் சட்டத்தில் மூன்று வெவ்வேறு விஷயங்கள் என்பது எனக்கு அதுவரை தெரியாது. பட்டியலில் சேரும்போது பொய்யான உறுதிமொழி தந்தால் 1950-ஆம் ஆண்டின் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 31-ஆம் பிரிவில் ஓராண்டு வரை சிறை உண்டு என்று எதிர்த்தரப்பு வழக்கறிஞர் சொன்னபோது என் கைகள் நடுங்கின. படிவத்தில் பழைய முகவரிக்கான இடத்தை நான் வெறுமையாக விட்டிருந்தேன்.

பிறந்த ஊர் அடிக்கட்டையை எடுத்துக் காட்டியபோது அதில் கைநாட்டு இருந்தது. நான் முதுகலை படித்தவள்; வங்கியிலும் பத்திரத்திலும் கையெழுத்திடுபவள். அந்த வாக்கு ஆள்மாறாட்டத்தால் விழுந்தது என்று ஏற்று என்னை விடுவித்தார்கள். கைநாட்டு யாருடையது என்று கடைசிவரை கண்டுபிடிக்கப்படவில்லை. அடுத்த வாரமே படிவம் 7 கொடுத்தேன்.

வாக்குச்சாவடி தலைமை அலுவலராகப் பணியாற்றிய ஓய்வு பெற்ற ஆசிரியர்:

2021 அக்டோபரில் ஒன்பது மாவட்டங்களில் நடந்த ஊரகத் தேர்தலின் இரண்டாம் கட்டத்தில் எனக்குப் பணி. மதியம் ஒருவர் வந்தார். இடக்கை ஆள்காட்டி விரலின் நகமும் தோலும் சுரண்டியது போல் வெளிறியிருந்தன. மை இருந்தால் வாக்குச்சீட்டுத் தரக்கூடாது; ஆனால் அது மையா, சுண்ணாம்பு வேலையில் வந்த புண்ணா என்று என்னால் உறுதி சொல்ல முடியவில்லை. இரு தரப்பு முகவர்களையும் பார்த்தேன். அவர்கள் ஆட்சேபித்திருந்தால் சேலஞ்ச் ஓட்டாக, அதாவது முகவர் எதிர்த்த வாக்காக, விசாரித்திருப்பேன். ஒரு முகவர் வாயெடுத்தார். பக்கத்தில் இருந்தவர் "மாமா, நம்ம தெருக்காரர்" என்றதும் தலையைக் குனிந்துகொண்டார். உள்ளாட்சித் தேர்தலில் இதுதான் பெருந்தடை. சாவடிக்குள் இருக்கும் எல்லோரும் ஒருவருக்கொருவர் உறவு. மறுநாளும் ஒரே குழாயில் தண்ணீர் பிடிக்க வேண்டும்.

விரலின் நிலையையும், எவரும் ஆட்சேபிக்கவில்லை என்பதையும் நேரத்தோடு என் நாட்குறிப்பில் எழுதினேன். பிறகு வழக்கு வந்தபோது, இருமுறை வாக்களித்ததற்கு அந்த நான்கு வரிகளைத் தவிர வேறு எழுத்துச் சான்று மனுதாரரிடம் இல்லை. குறுக்கு விசாரணையில், சந்தேகம் இருந்தும் ஏன் சீட்டு கொடுத்தீர்கள் என்று என்னை இரண்டு மணி நேரம் கேட்டார்கள். தகுதியுள்ளவராக இருக்கக்கூடிய ஒருவரை வெறும் சந்தேகத்தில் திருப்பி அனுப்ப எனக்கு மனம் வரவில்லை என்று சொன்னேன். இன்றும் அதையே சொல்வேன்.